கொடி ஏறுறதுக்கு முன்னாடியே ஃபைல்கள் கிளம்பிடுச்சு

போன மாசம் ஒரு பழைய ப்ராஜெக்ட்டை எங்க டீம் கையில கொடுத்தாங்க. கொடுத்தவங்க ஒரு ஃபோல்டர் நிறைய டாக்குமென்ட் வச்சிட்டுப் போனாங்க. ஒவ்வொண்ணுக்கும் நம்பர் இருக்கு. 14 வரைக்கும் வரிசையா வருது, அதுக்கு அடுத்தது 19. நடுவுல நாலு எங்கேன்னு கேட்டா, "அதெல்லாம் உங்களுக்குத் தேவைப்படாது"ன்னு பதில். தேவையா இல்லையான்னு நாங்கதானே பார்த்துச் சொல்லணும்? சிஸ்டம் எங்கெங்க உடைஞ்சதுங்கிற கதை அந்த நாலுலதான் இருந்திருக்கும்னு எனக்கு இப்பவும் சந்தேகம்.

இன்னைக்கு எபிசோட் ஐடி வேலையைப் பத்தி இல்லை. ஒரு நாட்டையே கைமாத்திக் கொடுக்கும்போது இதே விஷயம் எப்படி நடந்ததுங்கிறதைப் பத்தி.

1963 டிசம்பர் 12. கென்யா சுதந்திரம் அடைந்த நாள். நைரோபியில் நள்ளிரவில் பிரிட்டிஷ் கொடி இறங்கி, கருப்பு, சிவப்பு, பச்சை நிறத்தில் புதுக் கொடி ஏறுகிறது. கூட்டம் முழுக்க ஒரே வார்த்தை: "உஹுரு". சுவாஹிலியில் சுதந்திரம் என்று அர்த்தம். இந்தக் காட்சியை நீங்க போட்டோவில் பார்த்திருக்கலாம். யாரும் போட்டோ எடுக்காத ஒன்று, அதற்கு முன்பே நடந்து முடிந்திருந்தது. கென்ய அரசாங்க அலுவலகங்களிலிருந்து சுமார் 1,500 ஃபைல்கள் பெட்டிகளில் அடைக்கப்பட்டு லண்டனுக்குப் போய்விட்டன. போகாதவற்றில் எத்தனையோ சாம்பலாகிவிட்டன.

அந்த ஃபைல்களில் என்ன இருந்தது என்று புரிய, கொஞ்சம் பின்னாடி போகணும். நிலத்திலிருந்துதான் ஆரம்பிக்கணும்.

கென்யாவின் நடுவில் குளிர்ச்சியான மலைப்பகுதி இருக்கிறது. நம்ம நீலகிரி மாதிரி காபி, தேயிலை நன்றாக வரும் மண். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே வந்த ஐரோப்பியர்கள் அதில் நல்ல பகுதிகளைத் தமக்கென்று ஒதுக்கிக்கொண்டார்கள். பெயரே "வெள்ளையர் மேட்டுநிலம்". அங்கே ஆப்பிரிக்கர் நிலம் வாங்க முடியாது. தலைமுறைகளாக அந்தப் பக்கம் பயிர் செய்த கிக்கூயு மக்களில் பலர், அதே மண்ணில் வெள்ளைக்காரரின் பண்ணையாட்களாக ஆனார்கள். காபி பயிரிடக்கூட ரொம்ப காலம் அவர்களுக்குத் தடை இருந்தது. 1948 கணக்கெடுப்புப்படி கென்யாவில் ஐரோப்பியர் 30,000 பேருக்குள். ஆப்பிரிக்கர் 50 லட்சத்துக்கு மேல்.

அப்புறம் "கிபாண்டே" என்று ஒரு அடையாளச் சீட்டு. வயது வந்த ஆப்பிரிக்க ஆண் ஒவ்வொருவரும் வைத்திருக்க வேண்டும். பெயர், கைரேகை, யாரிடம் வேலை பார்த்தார், என்ன சம்பளம் எல்லாம் அதில் இருக்கும். சின்ன உலோகக் கூட்டுக்குள் போட்டுக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நடக்க வேண்டும். ஆபீஸ் ஐடி கார்டைக் கழுத்தில் மாட்டிக்கிட்டு நான் இதைப் படிச்சேன், ஒரு மாதிரி இருந்தது. நம்ம கார்டு கதவைத் திறக்கும். அவர்கள் கார்டு கதவை மூடுவதற்காகவே செய்தது. சொல்லாமல் வேலையை விட்டுப் போனால் பிடித்து உள்ளே வைக்க உதவிய சீட்டு அது.

இரண்டாம் உலகப் போரில் கென்ய ஆட்கள் ஆயிரக்கணக்கில் பிரிட்டனுக்காகச் சண்டை போட்டார்கள். சிலர் பர்மா வரை வந்தார்கள். அதில் ஒருவர் வருஹியு இட்டோடே. பின்னாளில் காட்டுக்குள் போய் "ஜெனரல் சைனா" என்ற பெயரில் ஒரு கெரில்லாப் படைக்குத் தலைமை தாங்கியவர். யாருக்கோ உலகத்தில் சுதந்திரம் வேண்டும் என்று சண்டை போட்டுவிட்டு ஊருக்குத் திரும்பினால், அங்கே அதே கிபாண்டே, அதே நிலம் இல்லாத வாழ்க்கை.

இதிலிருந்து கிளம்பியதுதான் மாவ் மாவ். அவர்கள் தங்களை "நிலம் மற்றும் சுதந்திரப் படை" என்று அழைத்துக்கொண்டார்கள். ரகசியமாக உறுதிமொழி எடுத்துக்கொண்டு காட்டுக்குள் போனார்கள். 1952 அக்டோபர் 20ஆம் தேதி கவர்னர் எவ்லின் பேரிங் அவசரநிலையை அறிவித்தார். அன்று இரவே ஜோமோ கென்யாட்டா உட்படப் பல தலைவர்களைப் பிடித்தார்கள். கென்யாட்டாவுக்கு ஏழு வருடம் கடுங்காவல். மாவ் மாவ் அவர் நடத்திய இயக்கம் இல்லை என்பதுதான் இன்று பெரும்பாலான வரலாற்றாசிரியர்களின் கருத்து. அவருக்கு எதிராகச் சொன்ன முக்கிய சாட்சியே, பொய் சொன்னேன் என்று 1958இல் ஒப்புக்கொண்டார்.

இங்கே ஒன்றை ஒளிக்காமல் சொல்லிடறேன். மாவ் மாவ் தரப்பிலும் கொடூரம் நடந்தது. 1953 மார்ச்சில் லாரி என்ற ஊரில் அரசுக்கு ஆதரவான குடும்பங்களின் குடிசைகளைப் பூட்டித் தீ வைத்தார்கள். பெண்கள், குழந்தைகள் எல்லாம் செத்தார்கள். அதற்குப் பதிலடியாக அரசுத் தரப்பு ஆட்கள் கொன்றவர்களும் நிறைய. அன்றைய பத்திரிகைகளில் வெள்ளைக்காரப் பண்ணைக் குடும்பங்களின் கொலைதான் பெரிய செய்தி. மொத்த அவசரநிலைக் காலத்திலும் கொல்லப்பட்ட ஐரோப்பியக் குடியேறிகள் 32 பேர். தூக்கில் போடப்பட்ட ஆப்பிரிக்கர்கள் மட்டும் ஆயிரத்துக்கு மேல். டெடான் கிமாத்தி அதில் ஒருவர். 1957 பிப்ரவரி 18, கமிட்டி சிறை. சண்டையில் கொல்லப்பட்டதாக அரசே ஒப்புக்கொண்ட எண்ணிக்கை 11,000க்கு மேல். உண்மையான எண்ணிக்கை எவ்வளவு என்பதில் ஆய்வாளர்களுக்குள் இன்றும் பெரிய சண்டை உண்டு. அந்தச் சண்டை ஏன் தீரவில்லை என்பதற்கு நான் வர்றேன்.

போர் காட்டுக்குள்ளே மட்டும் நடக்கவில்லை. 1954 ஏப்ரலில் நைரோபி நகரத்தையே சுற்றி வளைத்து, கிக்கூயு ஆட்களை ஆயிரக்கணக்கில் லாரியில் ஏற்றினார்கள். முகத்தில் கோணிப்பை மாட்டிய ஒருவர் தலையாட்டினால் போதும், முகாம்தான். கிராமத்தில் இருந்தவர்களையும் விடவில்லை. பத்து லட்சம் பேருக்கு மேல் வீட்டைவிட்டுக் கிளப்பி, முள்வேலியும் அகழியும் போட்ட சுமார் 800 புதுக் கிராமங்களில் அடைத்தார்கள். முகாம்களில் ஆட்களை வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று தரம் பிரித்தார்கள். உறுதிமொழி எடுத்ததை ஒப்புக்கொண்டு "திருந்திய" ஆள் வெள்ளை. ஒப்புக்கொள்ளாதவர் கறுப்பு. ஒரு முகாமிலிருந்து அடுத்த முகாமுக்கு நகர்த்திக்கொண்டே போகும் இந்த ஏற்பாட்டுக்கு அவர்கள் வைத்த பெயர் "பைப்லைன்". எங்க வேலையில தினமும் சொல்ற வார்த்தை. சத்தியமா நான் சேர்த்தது இல்ல, அவங்களே வச்ச பேரு.

ஒப்புக்கொள்ள வைக்க அடித்தார்கள். அடிப்பதற்கு ஒரு சட்டமும் எழுதினார்கள். 1957இல் கென்யாவின் அட்டர்னி ஜெனரல் எரிக் கிரிஃபித்-ஜோன்ஸ் கவர்னருக்கு எழுதியதில், அடிக்கும்போது மண்ணீரல், ஈரல், சிறுநீரகம் இருக்கும் இடங்களைத் தவிர்க்க வேண்டும் என்றும், அடிப்பவர் நிதானத்தோடு இருக்க வேண்டும் என்றும் வருகிறது. அதே கடிதப் போக்குவரத்தில்தான் அந்தப் பிரபலமான வரியும் இருக்கிறது: நாம் பாவம் செய்யப் போகிறோம் என்றால், சத்தமில்லாமல்தான் செய்ய வேண்டும். எழுதினவர் ஏதோ ஒரு முரட்டு சார்ஜென்ட் இல்லைங்க. நாட்டின் தலைமைச் சட்ட அதிகாரி.

சத்தம் 1959 மார்ச் 3ஆம் தேதி வெளியே வந்தது. ஹோலா என்ற முகாமில், வேலை செய்ய மறுத்த கைதிகளைக் காவலர்கள் தடியால் அடித்ததில் 11 பேர் செத்தார்கள். வண்டியில் வந்த தண்ணீரைக் குடித்தபின் இறந்தார்கள் என்று அரசு முதலில் அறிக்கை விட்டது. பிரேதப் பரிசோதனையில் அடிகள் தெரிந்துவிட்டன. லண்டன் நாடாளுமன்றத்தில் பார்பரா காசில் விடாமல் கேள்வி கேட்டார். ஆளும் கட்சியிலேயே ஈனாக் பவல், ஆமாம், பின்னாளில் குடியேறிகளுக்கு எதிராகப் பேசிப் பேர் வாங்கிய அதே பவல், நமக்கு ஒரு நியாயம் ஆப்பிரிக்காவுக்கு ஒரு நியாயம் என்று இருக்க முடியாது என்று அந்த ஜூலை இரவில் பேசினார். கென்யாவை இப்படியே வைத்திருக்க முடியாது என்று லண்டனுக்குப் புரிய வைத்ததில் ஹோலாவுக்குப் பெரிய பங்கு உண்டு. காட்டில் தோற்ற இயக்கம், செத்த 11 பேரால் மேசையில் ஜெயிக்க ஆரம்பித்தது என்றே நான் நினைக்கிறேன்.

அடுத்த ஜனவரியில், 1960இல், லண்டன் லங்காஸ்டர் ஹவுஸில் பேச்சுவார்த்தை. கென்யாவில் பெரும்பான்மை ஆட்சிதான் என்று அங்கே முடிவாகிறது. அதை முன்னின்று நடத்திய காலனி அமைச்சர் இயன் மெக்லியோட். ஆப்பிரிக்காவிலிருந்து வேகமாக வெளியேற வேண்டும் என்று தன் கட்சியோடு மோதியவர், அந்த விதத்தில் நல்ல பெயர் உள்ளவர். அதே மெக்லியோட் 1961 மே மாதம் காலனிகளுக்கு ஓர் உத்தரவு அனுப்புகிறார். பிரிட்டிஷ் அரசுக்குச் சங்கடம் தரக்கூடிய எதுவும், போலீஸ், ராணுவம், அதிகாரிகள், தகவல் கொடுத்தவர்கள் யாருக்காவது சங்கடம் தரக்கூடிய எதுவும், புது அரசின் கைக்குப் போகக் கூடாது.

நடைமுறை ரொம்ப கவனமா போட்டிருக்காங்க. ஃபைல்களை இரண்டாகப் பிரிக்க வேண்டும். புது அரசுக்குக் கொடுக்கலாம் என்பது "லெகசி". கொடுக்கவே கூடாது என்பது "வாட்ச்". வாட்ச் ஃபைலில் ஒரு W முத்திரை. அந்த ஃபைல்களைத் தொட ஒரு தகுதி: "ஐரோப்பிய வம்சாவளியைச் சேர்ந்த பிரிட்டிஷ் பிரஜை" ஆக இருக்க வேண்டும். அதே அலுவலகத்தில் காலம் முழுக்க எழுதிக் குவித்த ஆப்பிரிக்க, இந்திய குமாஸ்தாக்களுக்கு வாட்ச் என்று ஒரு வகை இருப்பதே தெரியக் கூடாது. முத்திரைக் கட்டையைக்கூடப் பூட்டி வைக்க வேண்டும்.

வாட்ச் ஃபைல் ஒன்றை எடுத்தால் வரிசையில் ஓட்டை தெரியும் இல்லையா? அதற்கும் வழி சொல்லியிருந்தார்கள். எடுத்த இடத்தில் ஒரு போலி ஃபைலை வைக்க வேண்டும். எனக்கு வந்த ஃபோல்டரில் 14க்கு அப்புறம் 19 என்று அப்பட்டமாகவாவது தெரிந்தது!

எடுத்தவை லண்டன் போக வேண்டும், இல்லையென்றால் அழிய வேண்டும். எரித்தால் சாம்பலாகும்வரை எரித்து, சாம்பலையும் உடைத்துப் பொடியாக்க வேண்டும். கடலில் போடுவதென்றால் கனமான பெட்டியில் அடைத்து, கரையிலிருந்து முடிந்தவரை தூரத்தில், நீரோட்டம் இல்லாத ஆழத்தில் போட வேண்டும்.

சரி, சுதந்திரம் வந்தது. புது அரசு சும்மா இருந்ததா? 1967இலேயே ஃபைல்களைத் திருப்பிக் கொடுங்கள் என்று கென்யா கேட்டது. லண்டன் மறுத்துவிட்டது. அதற்குப் பிறகு கேட்டபோதும் கிடைக்கவில்லை.

ஆனா கதையில வில்லன் ஒருத்தர்தான்னு நான் சொன்னா அது பொய். கென்யாட்டா அரசுக்கும் அந்தப் பழங்கதை ரொம்ப வசதியாக இல்லை. மாவ் மாவ் ஒரு நோய், அது ஒழிந்துவிட்டது, இனி அதை நினைக்கவே கூடாது என்ற பொருளில் 1962இலேயே அவர் பேசினார். நாம் எல்லோரும்தான் சுதந்திரத்துக்காகப் போராடினோம், மன்னிப்போம், மறப்போம் என்பது அரசின் பாட்டாக ஆனது. காரணம் இருக்கிறது. கோணிப்பை மாட்டித் தலையாட்டியவர்கள், முகாமில் காவல் நின்றவர்கள், காலனி அரசுக்கு விசுவாசமாக இருந்து நிலம் சேர்த்தவர்கள் எல்லாம் அதே ஊரில், சிலர் புது ஆட்சியிலேயே இருந்தார்கள். காட்டிலிருந்து வெளியே வந்தவனுக்கு, அவன் கேட்ட நிலத்தையே கடன் வாங்கித்தான் வாங்க முடிந்தது. பிரிட்டிஷார் 1950இல் போட்ட மாவ் மாவ் மீதான தடையைச் சுதந்திர கென்யா அப்படியே வைத்துக்கொண்டது. அதை நீக்கியது 2003இல், மவாய் கிபாக்கி வந்த பிறகு. நாற்பது வருஷம்! அதுவரை முன்னாள் போராளிகள் சட்டப்படி ஒரு சங்கமாகச் சேரக்கூட முடியாது, அப்புறம் எங்கே வழக்குப் போடுவது.

இந்த இடத்தில் இரண்டு புத்தகங்கள் வருகின்றன. 2005இல் அமெரிக்க வரலாற்றாசிரியர் கரோலின் எல்கின்ஸ் முகாம்களைப் பற்றியும், பிரிட்டனைச் சேர்ந்த டேவிட் ஆண்டர்சன் தூக்குத் தண்டனை வழக்குகளைப் பற்றியும் எழுதினார்கள். எல்கின்ஸ் ஆவணக் காப்பகத்தில் ஒரு கணக்குப் போட்டார். அரசே ஒப்புக்கொண்ட கைதிகள் 80,000 பேர். ஒவ்வொருவருக்கும் மூன்று துறைகளில் ஃபைல். அப்படியானால் குறைந்தது 2,40,000 ஃபைல்கள் இருக்க வேண்டும். அவருக்குக் கிடைத்தது சில நூறு. அதனால் ஊர் ஊராகப் போய் முதியவர்களின் வாய்மொழியைப் பதிவு செய்தார். புத்தகத்துக்கு புலிட்சர் பரிசு கிடைத்தது, கூடவே வசவும். வயசானவங்க சொல்றதை எப்படி நம்புறது, ஆவணம் எங்கே என்று கேட்டார்கள். சாவு எண்ணிக்கையில் அவர் சொன்னது அதிகம் என்ற விமர்சனம் எனக்கும் நியாயமாகத்தான் படுகிறது. ஆனால் ஆவணம் எங்கே என்ற கேள்விக்கு பதில் தெரிந்த இடம் ஒன்று இருந்தது, அது வாயைத் திறக்கவில்லை.

2009 ஜூனில் ஐந்து முதியவர்கள் பிரிட்டிஷ் அரசு மேல் லண்டன் உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தார்கள். என்டிகு முட்டுவா, பாவ்லோ என்சிலி இருவரையும் முகாமில் ஆண்மை நீக்கம் செய்திருந்தார்கள். ஜேன் முத்தோனி மாரா சின்ன வயதில் பாலியல் வதைக்கு ஆளானவர். வம்புகு வா நியிங்கி, ஹோலாவில் அன்று அடிபட்டு, செத்துவிட்டார் என்று நினைத்துப் பிணங்களோடு போடப்பட்டுப் பிழைத்தவர். ஐந்தாமவர் சூசன் இங்கோண்டி, தீர்ப்பைப் பார்க்காமலே இறந்துபோனார்.

அரசுத் தரப்பு வாதம் என்ன தெரியுமா? நடந்தது காலனி நிர்வாகம் செய்தது, 1963இல் கென்யா சுதந்திரம் அடைந்தபோது அந்த நிர்வாகத்தின் பொறுப்புகள் எல்லாம் கென்ய அரசுக்குப் போய்விட்டன, அதனால் இவர்கள் போய்க் கேட்க வேண்டியது நைரோபியில். இதைப் படிச்சுட்டு நான் லேப்டாப்பை மூடி வச்சுட்டேன். ஃபைல் எங்களுக்கு, பழி உங்களுக்கு.

எல்கின்ஸ், ஆண்டர்சன், ராணுவ வரலாற்றாசிரியர் ஹூ பென்னட் மூவரும் நிபுணர் சாட்சிகளாக வந்தார்கள். 1963இல் பெட்டிகள் லண்டன் வந்த தடயம் இருக்கிறது, அவை எங்கே என்று ஆண்டர்சன் அழுத்திக் கேட்டார். 2011 ஜனவரியில் வெளியுறவு அலுவலகம் ஒப்புக்கொண்டது. பக்கிங்ஹாம்ஷயரில் ஹான்ஸ்லோப் பார்க் என்ற, உயர்ந்த வேலி போட்ட அரசு வளாகத்தில், 37 முன்னாள் காலனிகளின் சுமார் 8,800 ஃபைல்கள் இருந்தன. கென்யாவின் 1,500 அதற்குள்தான். கிழவர்கள் வாயால் சொன்ன பல விஷயங்கள் அதில் டைப் அடித்து, கையெழுத்தோடு இருந்தன.

2011 ஜூலையில் நீதிபதி மெக்கோம்ப், வழக்கை விசாரிக்க முகாந்திரம் உண்டு என்றார். 2012 அக்டோபரில், இவ்வளவு காலம் கடந்தும் நியாயமான விசாரணை சாத்தியமே, ஏனென்றால் ஆவணங்கள் இவ்வளவு இருக்கின்றன என்றார். சங்கடம் வரக் கூடாது என்று ஒளித்து வைத்த காகிதமே கடைசியில் கோர்ட்டில் நின்றது. 2013 ஜூன் 6ஆம் தேதி வெளியுறவு அமைச்சர் வில்லியம் ஹேக் நாடாளுமன்றத்தில், கென்யர்கள் வதைக்கப்பட்டார்கள் என்று ஒப்புக்கொண்டு வருத்தம் தெரிவித்தார். "வருத்தம்" என்ற சொல்லைக் கவனிங்க. சட்டப்படி பொறுப்பு எங்களுக்கு இல்லை என்பதையும் அதே அறிக்கையில் சொன்னார். 5,228 பேருக்கு மொத்தம் 1.99 கோடி பவுண்ட். வழக்குச் செலவு போக, தலைக்கு மூவாயிரம் பவுண்டுகூட வரவில்லை.

அந்த 5,228இல் இல்லாத 40,000 பேர் சேர்ந்து இன்னொரு வழக்குப் போட்டார்கள். 2018இல் அது தள்ளுபடி ஆனது. ரொம்ப காலம் ஆகிவிட்டது, சாட்சிகள் இறந்துவிட்டார்கள், ஆவணங்கள் போதாது, இனி நியாயமான விசாரணை நடத்த முடியாது என்பது காரணம்.

ஹான்ஸ்லோப்பில் இருந்த ஃபைல்கள் இப்போது லண்டனில் கியூ என்ற இடத்தில் தேசிய ஆவணக் காப்பகத்தில், எஃப்சிஓ 141 என்ற வரிசையில் பொதுமக்கள் பார்வைக்கு இருக்கின்றன. அதில் அழிப்புச் சான்றிதழ்களும் உண்டு. இன்ன ஃபைலை எரித்தேன் என்று அதிகாரி கையெழுத்துப் போட்ட ரசீது. ஃபைல் இல்லை, ரசீது இருக்கிறது.

அதே எஃப்சிஓ 141இல் சிலோன், மலாயா, சிங்கப்பூர் என்றும் தலைப்புகள் இருக்கின்றன. நம்ம ஆட்கள் ரப்பர் தோட்டத்தில் பால் எடுத்த மலாயாவில், 1957 சுதந்திரத்தை ஒட்டிக் கோலாலம்பூரிலிருந்து லாரிகளில் காகிதங்களை ஏற்றி, சிங்கப்பூர் கடற்படைத் தளத்துக்குக் கொண்டுபோய் அங்கிருந்த எரிஉலையில் போட்டார்கள். கோலாலம்பூரில் எரித்தால் புகை ஊருக்குத் தெரிந்துவிடும்.